டுராகோட்டஸின் நிழல்பாதை

ஆட்டுத்தோல் பையில் விழுந்த ஒரு கீறலோடு டுராகோட்டஸின் பயணம் தொடங்குகிறது. அவன் ஐஸ்லாந்துச் சிறுவன். தந்தை மீனவர்; மகனுக்கு மூன்று வயதாகும்போது, தம் 150ஆவது வயதில் கண்மூடியவர். தாய் ஃபியோல்க்ஸ்ஹில்டே மூலிகைக்காரி. புனித யோவான் திருநாளையொட்டி, பகல் மட்டுமே நீளும் கோடை நாட்களில், மகனைக் கூட்டிக்கொண்டு ஹெக்லா எரிமலைக்குப் போவாள். பறித்த தழைகளை வீட்டில் சடங்குகளோடு வேகவைத்து, சின்னச் சின்னத் தோல் பைகளில் அடைத்து, துறைமுகத்தில் கப்பல் தலைவர்களிடம் விற்பாள். அதுதான் பிழைப்பு. உள்ளே என்னதான் இருக்கிறது என்று பார்க்கும் ஆசையில் பையன் ஒரு பையைக் கீறிவிட்டான். சரக்கு கொட்டிப்போயிற்று. வரவேண்டிய காசு போன ஆத்திரத்தில் தாய், பைக்குப் பதிலாகப் பையனையே கப்பல்காரனிடம் கொடுத்துவிட்டாள்.

இந்தப் பையனைப் படைத்தவர் யோஹான்னஸ் கெப்ளர். கோள்கள் நீள்வட்டப் பாதையில் சூரியனைச் சுற்றுகின்றன என்று 1609இல் உலகுக்குச் சொன்ன அதே கெப்ளர்தான். டுராகோட்டஸ் வரும் நூலின் பெயர் 'சோம்னியம்'. இலத்தீனில் கனவு என்று பொருள். கதை சில பக்கங்களில் முடிந்துவிடும். ஆனால் அதற்குக் கெப்ளர் பிற்காலத்தில் எழுதிச் சேர்த்த குறிப்புகள் 223. கதையைவிடப் பல மடங்கு நீளமானவை அவை. ஒரு சிறுகதைக்கு ஆசிரியரே இத்தனை உரை எழுதவேண்டிய தேவை என்ன? அறிவியல் வரலாற்றாசிரியர்கள் நெடுங்காலமாக இந்தக் கேள்வியைப் புரட்டிக்கொண்டிருக்கிறார்கள். டுராகோட்டஸ் யார், அவன் கண்ட வழி எத்தகையது, அந்த வழிக்காக யார் என்ன விலை கொடுத்தார்கள் என்பவையெல்லாம் அதனோடு பிணைந்த கேள்விகள்.

முதலில் ஒரு தவறான செய்தியை ஒதுக்கிவிடவேண்டும். டுராகோட்டஸ் சந்திரனுக்குப் போய்வந்தான் என்று பல சுருக்கங்களும் அறிமுகக் கட்டுரைகளும் எழுதிவிடுகின்றன. அவன் போகவில்லை. கதையில் அவனும் தாயும் தலையில் துணியைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். சந்திரனிலிருந்து வந்த ஓர் ஆவி பேசுகிறது; எவ்வளவு தூரம், எந்த வேளையில் வழி திறக்கும், போகிறவர் உடம்பு என்ன பாடுபடும், போய்ச்சேர்ந்த இடத்தில் வானம் எப்படித் தெரியும் என்றெல்லாம் சொல்கிறது. பேச்சு முடிவதற்குள் காற்றும் மழையும் சேர்ந்து அடித்து, இந்தக் கதை முழுவதையும் கனவாகக் காண்கிறவரை எழுப்பிவிடுகின்றன. அவர் பிராகா நகரில் ஒரு படுக்கையில் கிடக்கிறார். தலை தலையணைக்குள், உடம்பு போர்வைக்குள். அவ்வளவுதான். உலகங்களுக்கிடையே வழி கண்டவன் என்று நாம் அழைக்கும் இந்த ஆய்வுப்பயணி ஐஸ்லாந்தைத் தாண்டிப் போன தூரம் டென்மார்க் வரைதான். அவனை மற்றக் கற்பனைப் பயணிகளிடமிருந்து பிரித்துக்காட்டுவதே இந்த உட்கார்ந்த நிலைதான். அவன் பயணி என்பதைவிட வழி கேட்டறிந்து எழுதிவைத்தவன் என்பதே சரி.

கப்பல் நார்வேயின் பெர்கனை நோக்கிக் கிளம்பியது. காற்று திசைமாற்றி டென்மார்க் பக்கம் தள்ளியது. கப்பல் தலைவனிடம் ஐஸ்லாந்து ஆயர் ஒருவர் வானியலர் டைக்கோ பிராஹிக்கு எழுதிய கடிதம் இருந்தது. டைக்கோ அப்போது ஹ்வென் தீவில் இருக்கிறார். கடல் ஒத்துக்கொள்ளாமல் சுருண்டு கிடந்த பையனைக் கடிதத்தோடு கரையில் இறக்கிவிட்டுக் கப்பல் போய்விட்டது. டைக்கோ அவனைத் தன்னிடமே வைத்துக்கொண்டார். அவன் மொழி கற்றான். இரவுதோறும் மாணவர்களோடு சேர்ந்து பெரும் கருவிகளால் சந்திரனையும் விண்மீன்களையும் அளந்தான். அப்போதெல்லாம் அவனுக்குத் தாயின் நினைவு வந்தது. அவளும் சந்திரனோடு ஓயாமல் பேசிக்கொண்டிருந்தவள்தானே!

ஐந்தாண்டு அங்கே கழிந்தது. இந்த ஐந்தாண்டைக் கெப்ளரின் சொந்த வாழ்க்கையோடு ஒட்டிவைத்துப் பார்க்கவேண்டும். கெப்ளர் ஹ்வென் தீவில் கால் வைத்ததே இல்லை. டைக்கோவை அவர் முதன்முதலில் பார்த்தது 1600 பிப்ரவரியில், பிராகாவுக்கு அருகில் பெனாட்கி கோட்டையில். அப்போது டைக்கோ தீவைவிட்டு வெளியேறி மூன்றாண்டு ஆகியிருந்தது. அடுத்த ஆண்டு அக்டோபரில் டைக்கோ இறந்துபோனார். தம் அளவைகளை எளிதில் கைமாற்றாத மனிதர் அவர். செவ்வாய்க் கோளின் கணக்குக்காகக் கெப்ளர் அவரோடு மல்லுக்கட்ட வேண்டியிருந்தது. தமக்குக் கிடைக்காத தீவையும், கிடைக்காத ஆண்டுகளையும், தடையில்லாமல் கருவிகளைத் தொடும் உரிமையையும் ஓர் ஐஸ்லாந்துப் பையனுக்கு வாரிக்கொடுத்திருக்கிறார் கெப்ளர்.

பெயர்களுக்கும் அவரே குறிப்பில் விளக்கம் தருகிறார். டுராகோட்டஸ் என்பது ஸ்காட்லாந்துப் பெயர்களின் ஓசையைப் பின்பற்றியது. ஃபியோல்க்ஸ் என்ற சொல்லைப் பழைய ஐரோப்பிய வரைபடம் ஒன்றில் ஐஸ்லாந்தின் மேல் எழுதியிருக்கக் கண்டார். அதன் கரடுமுரடான ஒலி அவருக்குப் பிடித்துப்போயிற்று. சந்திரனுக்கு அவர் வைத்த லெவானியா என்ற பெயர் நிலவைக் குறிக்கும் எபிரேயச் சொல்லிலிருந்து வந்தது.

ஊர் திரும்பிய மகனைக் கண்டு தாய் மகிழ்கிறாள். கோபத்தில் அவனைத் தொலைத்துவிட்டோமே என்று இத்தனை ஆண்டும் உருகியவள் அவள். அவன் படித்துவந்த வான்கணக்கை ஒவ்வொன்றாகக் கேட்டு, தான் அறிந்ததோடு ஒப்பிட்டுப் பார்க்கிறாள். இனி நான் செத்தாலும் கவலையில்லை, என் அறிவுக்கு வாரிசு கிடைத்துவிட்டான் என்பதுபோல் ஆறுதல் கொள்கிறாள். பிறகு, இளவேனில் மாலை ஒன்றில், பிறைநிலா இடப ராசியில் சனியோடு கூடி மறையும் வேளையில், அருகிலுள்ள சந்திக்குப் போய் ஆவியை அழைக்கிறாள். அந்த ஆவி வருவதற்கு 21 எழுத்துகள் வேண்டும். அந்த எழுத்துகள் எவை? கெப்ளரின் குறிப்பு உடைத்துச் சொல்லிவிடுகிறது: கோப்பர்நிகஸின் வானியல் என்பதைக் குறிக்கும் 'அஸ்ட்ரோனோமியா கோப்பர்நிகானா' என்ற இலத்தீன் தொடரின் எழுத்துகள். எண்ணிப்பார்த்தால் இலத்தீனில் சரியாக 21 வரும். பிராகாவில் இருட்டறையில் ஆட்களை உட்காரவைத்து, வெளியே வெயிலில் எழுதிய எழுத்துகளைச் சிறு துளை வழியாகச் சுவரில் தோன்றச்செய்து கெப்ளர் வேடிக்கை காட்டுவதுண்டு. ஆவியை அழைக்கும் சடங்கு அந்த ஒளியியல் விளையாட்டின் மாறுவேடம். அறிவைத்தான் அவர் ஆவி என்கிறார். 'டேமன்' என்ற கிரேக்கச் சொல்லையே அறிதல் என்னும் பொருளோடு பொருத்திக் காட்டுகிறார்.

இனி, அந்த வழி.

லெவானியா ஐம்பதாயிரம் ஜெர்மானிய மைல் உயரத்தில் இருக்கிறது என்று ஆவி சொல்கிறது. ஒரு ஜெர்மானிய மைல் ஏறக்குறைய 7.4 கிலோமீட்டர். பெருக்கிப் பார்த்தால் 3,70,000 கிலோமீட்டர். இன்று நாம் அளந்திருக்கும் சராசரித் தொலைவு 3,84,400. கதைக்குள் போகிறபோக்கில் போட்ட எண் அல்ல இது. கணக்கிட்டு வைத்த எண்.

அந்த ஆவிகளுக்குச் சூரிய ஒளி ஆகாது. ஆகவே நிழல் வழியாகத்தான் வந்துபோகமுடியும். பூமிக்குப் பின்னால் கூம்புபோல் நீண்டு கிடக்கும் கருநிழல் சுமார் 14 லட்சம் கிலோமீட்டர் நீளம். சந்திரன் அதற்குள் நுழையும்போது சந்திர கிரகணம். அந்த நேரத்தில் மட்டும் பூமியிலிருந்து சந்திரன் வரை வெயில் படாத ஒரே நிழல்நடை அமைகிறது. அதன் வழியே போகலாம். ஆனால் கிரகணம் விடுவதற்குள் சேர்ந்துவிடவேண்டும். மொத்தப் பயணத்துக்கும் அதிகபட்சம் நான்கு மணி நேரம் என்கிறது ஆவி. சந்திரன் கருநிழலைத் தொட்டு வெளியேற ஆகும் அதிகபட்ச நேரமும் ஏறக்குறைய அதுவே. பூமியைத் தொடும் மறுவழிக்குச் சூரிய கிரகணம். அப்போது சந்திரனின் நிழல் பூமிமேல் விழும்; நுனி மட்டும் எட்டித் தொடும் குறுகிய நிழல் அது. மனிதர்கள் சூரிய கிரகணத்துக்கு அஞ்சுவது ஆவிகள் அந்த வழியே கூட்டமாக இறங்குவதால்தான் என்று கதையில் ஒரு காரணமும் உண்டு. கிரகணம் கெப்ளருக்கு அன்றாட வேலை. 1600 ஜூலையில் கிராட்ஸ் நகரச் சந்தைத் திடலில், தாமே அமைத்த துளைக்கருவியோடு நின்று சூரிய கிரகணத்தை அளந்தவர் அவர்.

அதாவது இந்தப் பாதைக்கு நேர அட்டவணை இருக்கிறது. மற்றக் கற்பனைப் பயணங்களில் இல்லாதது இதுதான். எப்போது வேண்டுமானாலும் கிளம்பமுடியாது. வழி திறக்கும் நாளுக்காகக் காத்திருக்கவேண்டும், திறந்ததும் தாமதிக்கக்கூடாது.

யார் போகலாம் என்பதற்கும் ஆவி விதி வைத்திருக்கிறது. சோம்பேறிகள், பருத்தவர்கள், சொகுசுக்காரர்கள் வேண்டாம். அஞ்சல் குதிரைமேல் வாழ்நாளைக் கழித்தவர்கள், இந்தியாவுக்குக் கப்பலில் அடிக்கடி போய்வந்தவர்கள், காய்ந்த ரொட்டியும் பூண்டும் கருவாடும் தின்று பழகியவர்கள் வரலாம். எல்லாரையும்விடத் தகுதியானவர்கள், இராத்திரியில் கிழிந்த போர்வையோடு ஆட்டின்மேலும் கவைக்கோலின்மேலும் ஏறித் திரிந்து பழகிய வற்றலான கிழவிகள். கெப்ளர் விளையாட்டாக எழுதிய வரி. அது பின்னால் என்ன செய்தது என்பதை இப்போதைக்குத் தள்ளிவைப்போம்.

கிளம்பும் முதல் அதிர்ச்சிதான் கொடுமை. வெடிமருந்தால் எறியப்பட்டதுபோல் உடம்பு தூக்கியடிக்கப்படும். அதனால் பயணிக்கு அபின் கொடுத்துத் தூங்கவைத்துவிடவேண்டும். கைகால் தனித்தனியே பிய்ந்துவிடாமல், அதிர்ச்சி எல்லா உறுப்புக்கும் பகிர்ந்து போகும்படி உடம்பை ஒழுங்குபடுத்தி வைக்கவேண்டும். பிறகு கடுங்குளிர்; மூச்சுவிடக் காற்றிருக்காது. அதற்கு மூக்கில் ஈரப் பஞ்சு. பாதி கடந்ததும் சுமை குறையும். பூமியின் இழுப்பும் சந்திரனின் இழுப்பும் சரிக்குச் சரியாக நிற்கும் இடத்தில் உடம்பு சிலந்திபோல் சுருண்டு பந்தாகிவிடும். அதற்கப்பால் அது தானாகவே சந்திரனை நோக்கிப் போகும். கடைசியில் வேறோர் ஆபத்து: போய் மோதிவிடக்கூடாது. ஆவிகள் முந்தி ஓடி, விழும் உடம்பைத் தாங்கிக்கொள்ளவேண்டும்.

நியூட்டன் பிறப்பதற்கு முப்பதாண்டுக்கும் முன்பு எழுதிய பத்தி இது. ஈர்ப்பு என்பது இரண்டு பொருள்களும் ஒன்றையொன்று இழுப்பது, காந்தத்தை ஒத்தது என்று குறிப்புகளில் கெப்ளர் விளக்குகிறார். சரிக்குச் சரியான இடம் என்ற எண்ணம் அதிலிருந்து பிறந்தது. இதைப் படித்துவிட்டு, விண்வெளிக் கதிர்வீச்சையே கெப்ளர் முன்கூட்டி அறிந்துவிட்டார் என்று எழுதுகிறவர்கள் உண்டு. அப்படி ஏற்றிச்சொல்வது அவருக்குச் செய்யும் மரியாதை ஆகாது. நிழல்வழி வந்தது கிரகணக் கணக்கிலிருந்து. எடையின்மை நடுப்புள்ளியில்தான் வரும் என்று அவர் நினைத்தது பிழை. உந்துவிசை நின்ற கணத்திலிருந்தே பயணி மிதப்பார். இருநூறாண்டுக்கும் மேல் கழித்து ஜூல் வெர்னும் இதே பிழையைச் செய்தார். கெப்ளரின் பெருமை முன்கூட்டிச் சொன்னதில் இல்லை. ஓர் உலகிலிருந்து இன்னோர் உலகுக்குப் போவதை அவர் தொலைவு, நேரம், விசை, மூச்சு, இறங்குதல் என்று தனித்தனிச் சிக்கல்களாகப் பிரித்தார். பிரித்தபின் ஒவ்வொன்றையும் ஒருவர் தீர்க்கலாம்.

மற்றப் பயணிகளைப் பக்கத்தில் நிறுத்தினால் வேறுபாடு புரியும். இரண்டாம் நூற்றாண்டுக் கிரேக்க எழுத்தாளர் லூசியனின் கப்பலைச் சுழற்காற்று தூக்குகிறது. ஏழு நாள் இரவுபகலாக வானில் மிதந்து எட்டாம் நாள் சந்திரனை அடைகிறது. நான் சொல்வதெல்லாம் பொய் என்று லூசியன் முதலிலேயே சொல்லிவிடுகிறார். இளவயதில் கிரேக்கம் பழகக் கெப்ளர் படித்த நூல்களில் அதுவும் ஒன்று. ஆங்கில ஆயர் பிரான்சிஸ் காட்வின் எழுதி 1638இல் வெளிவந்த கதையில் டொமிங்கோ கொன்சாலெஸ் பழக்கிய பெரும்பறவைகள் பூட்டிய பொறியில் போகிறான். பறவைகள் குளிர்காலத்தைச் சந்திரனில் கழிக்கின்றன என்ற எண்ணம் அதற்கு ஆதாரம். பிரெஞ்சு எழுத்தாளர் சிரானோ தெ பெர்ஜெராக் பனிநீர் நிரப்பிய குப்பிகளை உடம்பில் கட்டிக்கொள்கிறார். வெயில் பனியை இழுக்கும்போது தானும் மேலே போகலாம் என்பது கணக்கு. முதல் முயற்சி அவரைக் கனடாவில் இறக்கிவிடுகிறது. இவை எல்லாமே சுவையான கதைகள். ஆனால் அவற்றில் ஊர்திதான் இருக்கிறது, பாதை இல்லை. அறிவியல் புனைகதையின் முதல் நூல் எது என்ற வழக்கில் ஐசக் அசிமோவும் கார்ல் சேகனும் 'சோம்னியம்' பக்கம் சாய்ந்ததற்குக் காரணம் இந்த வேறுபாடுதான். லூசியனுக்கு வாக்களிப்பவர்களும் இருக்கிறார்கள். முதல் யார் என்ற போட்டியைவிட, யாருடைய கணக்கை மேற்கொண்டு எடுத்துச்செல்ல முடிந்தது என்ற கேள்வியே பயனுள்ளது.

லெவானியா எப்படியிருக்கிறது என்ற பகுதியைப் பலர் விரிவாக எழுதிவிட்டார்கள். சந்திரனின் ஒரு பாதிக்கு வானில் பூமி எப்போதும் தெரியும்; அது எழுவதுமில்லை, மறைவதுமில்லை, ஆணி அடித்ததுபோல் ஓரிடத்தில் நின்று சுழலும். அதனால் பூமிக்கு அங்கே வோல்வா என்று பெயர். பூமி தெரியும் பாதி சப்வோல்வா. தெரியாத பாதி பிரிவோல்வா. நமக்கு நிலா தெரிவதைப்போல் அங்கே பூமி நான்கு மடங்குக்குச் சற்றுக் குறைந்த அகலத்தில் தெரியும். ஒரு பகல் நம் கணக்கில் அரை மாதம்; இரவும் அப்படியே. பகலில் தாங்கமுடியாத வெப்பம், இரவில் உறைபனி. இதற்குள் பாம்புபோன்ற உயிர்களும் குகைகளும் வருகின்றன. பின்னால் கலிலியோவின் தொலைநோக்கி காட்டிய வட்டப் பள்ளங்களைக் கண்டு, அவை சந்திரவாசிகள் முளையடித்துக் கயிறு பிடித்து வட்டம் போட்டுக் கட்டிய அரண்கள் என்று பின்னிணைப்பில் எழுதினார் கெப்ளர். தவறிப்போன ஊகம்தான். ஆனால் அங்கும் முளையும் கயிறும் வைத்து வழிமுறையைத்தான் தேடியிருக்கிறார்.

இந்தக் கற்பனையின் வித்து 1593இல் விழுந்தது. டூபிங்கன் மாணவராக இருந்தபோது, சந்திரனில் நிற்பவனுக்கு வானம் எப்படித் தெரியும் என்பது பற்றி ஓர் ஆய்வுரை தயாரித்தார். பூமி நகர்கிறது என்பது நமக்கு உறைக்காததுபோல் சந்திரவாசிக்கும் தன் சந்திரன் நகர்வது உறைக்காது. அவன் வோல்வாதான் சுற்றுகிறது என்பான். கோப்பர்நிகஸை ஏற்காதவர்களுக்கு இதைவிடக் கூர்மையான பதில் இல்லை. பேராசிரியர் வைட் முல்லர் அந்த விவாதத்தை நடத்தவே மறுத்துவிட்டார். பதினைந்து ஆண்டு கழித்து அதற்குத் தாயும் மகனும் ஆவியும் சேர்த்துக் கதையாக்கினார் கெப்ளர். வாதமாகச் சொன்னால் வாசலில் நிறுத்துகிறார்கள். கனவாகச் சொன்னால் உள்ளே விடுவார்கள் என்று எண்ணியிருக்கவேண்டும்.

அந்தக் கணக்கு தவறிற்று.

கெப்ளரின் தாய் காத்தரினா, லியோன்பெர்க் அருகே எல்டிங்கனில் விடுதிக்காரர் மகளாகப் பிறந்தவர். கணவர் ஹைன்ரிஹ் கூலிப்படை வீரராகப் போய் ஒருகட்டத்தில் திரும்பவே இல்லை. காத்தரினா மூலிகை காய்ச்சினார், அக்கம்பக்கத்தாருக்கு மருந்து கொடுத்தார். 1577இல் பெரிய வால்மீன் தோன்றியபோது, ஐந்து வயது மகனை மேட்டுக்கு அழைத்துச் சென்று காட்டியவர் அவர்தான். ஹெக்லா மலையேறும் ஃபியோல்க்ஸ்ஹில்டேயை இதற்குமேல் யாரும் அடையாளம் காட்டவேண்டியதில்லை.

1611இல் 'சோம்னிய'த்தின் கைப்பிரதி ஒன்று பிராகாவிலிருந்து வெளியேறி லைப்சிக் வழியாக டூபிங்கன் போயிற்று. சவரக்கடைகளில்கூட அதைப்பற்றிப் பேச்சு அடிபட்டது என்று கெப்ளர் பின்னாளில் வருந்தி எழுதினார். 1615இல் உர்சுலா ரைன்போல்ட் என்ற லியோன்பெர்க் பெண், காத்தரினா கொடுத்த கசப்பு நீரைக் குடித்ததால்தான் நோயுற்றேன் என்று குற்றம்சாட்டினார். ஊர் அதிகாரி லூதர் ஐன்ஹோர்ன் அதைப் பற்றிக்கொண்டார். காத்தரினாவை வளர்த்த அத்தை ஒருவர் சூனியக்காரி என்று எரிக்கப்பட்டவர் என்ற பழைய கதை தோண்டியெடுக்கப்பட்டது. தந்தையின் மண்டையோட்டைக் கிண்ணமாக்க வெட்டியானிடம் கேட்டார் என்பதும் குற்றப்பட்டியலில் சேர்ந்தது. 1620 ஆகஸ்ட் இரவில், மகள் மார்கரெட்டே வாழ்ந்த பாதிரியார் வீட்டிலிருந்து, எழுபதைத் தாண்டிய மூதாட்டியைத் துணிப்பெட்டிக்குள் வைத்துத் தூக்கிப் போனார்கள். பதினான்கு மாதம் சங்கிலி. கெப்ளர் லின்ட்சில் தம் வேலையை அப்படியே விட்டுவிட்டு வந்து வழக்கை நடத்தினார். 1621 செப்டம்பரில் சித்திரவதைக் கருவிகளைக் காட்டி, ஒப்புக்கொள் என்று மிரட்டினார்கள். ஒப்புக்கொள்ள என்னிடம் எதுவுமில்லை என்று நின்றுவிட்டார் காத்தரினா. விடுவித்தார்கள். அடுத்த ஏப்ரலில் இறந்துபோனார்.

கதையால்தான் வழக்கு வந்ததா? கெப்ளர் அப்படி அஞ்சினார். குறிப்புகளில் அந்த வேதனை தெரிகிறது. இருபதாம் நூற்றாண்டில் ஜான் லியர் போன்றவர்கள் அதை உறுதியாகவே எழுதினார்கள். 1967இல் நூலை ஆங்கிலத்தில் பெயர்த்து விரிவுரை எழுதிய எட்வர்ட் ரோசன் அவ்வளவு நேரடியான தொடர்பை ஏற்கவில்லை. வழக்கு ஆவணங்களைத் துருவி 2015இல் நூல் எழுதிய உலிங்கா ருப்லாக், வேர்கள் லியோன்பெர்க்கின் அண்டைவீட்டுப் பகையிலும் பஞ்சகாலப் பயத்திலும் அதிகாரியின் பிடிவாதத்திலும் இருப்பதைக் காட்டினார். ருப்லாக் சொல்வதே ஏற்கத்தக்கது. உர்சுலா இலத்தீன் கைப்பிரதி படிக்கிறவர் அல்ல. மூலிகை காய்ச்சும் தனிக்கிழவியைச் சந்தேகிக்க அந்த ஊருக்கு எந்த நூலும் தேவைப்படவில்லை. ஆனால் மகனுடைய மனத்தில் பதிந்த குற்றவுணர்வு உண்மையானது. ஆட்டின்மேல் ஏறிப் பறக்கும் கிழவிகள்தான் சந்திரப் பயணத்துக்கு ஏற்றவர்கள் என்று விளையாட்டாய் எழுதியவர், தம் தாய் அதே பழியோடு சங்கிலியில் கிடப்பதைப் பார்த்தார். 223 குறிப்புகளில் பெரும்பகுதி அதற்குப் பிறகு எழுதியவை. ஒவ்வொரு மந்திரத்துக்கும் பின்னால் இருப்பது கணக்குதான் என்று வரிவரியாகச் சொல்லத் தொடங்கினார். இந்தக் குறிப்புகள் அறிவியல் விளக்கம் மட்டுமல்ல, தாய்க்காக மகன் எழுதிய இரண்டாவது வழக்குரையும்கூட.

அவற்றில் ஒரு குறிப்பு தனித்துப் பார்க்கவேண்டியது. ஃபியோல்க்ஸ்ஹில்டே எதைக் குறிக்கிறாள்? படிப்பில்லாத அனுபவ அறிவை. அதன் வயிற்றில் பிறந்த பிள்ளைதான் அறிவியல் என்கிறார் கெப்ளர். தாய் உயிரோடு இருக்கும்வரை மகன் எல்லாவற்றையும் வெளியே சொல்வது பாதுகாப்பில்லை என்றும் விளக்குகிறார். கதையிலும் டுராகோட்டஸ் தாய் இறந்த பிறகே எழுத உட்காருகிறான். டைக்கோவின் கருவிகளோடு ஐந்தாண்டு கழித்தும் அவனுக்குச் சந்திரவழி தெரியவில்லை என்பதைக் கவனிக்கவேண்டும். ஹ்வென் தீவு அளக்கக் கற்றுக்கொடுத்தது. வழி தெரிந்தவள், வழி சொல்லும் ஆவியை அழைக்கத் தெரிந்தவள் தாய். இந்தக் கதையை அறிவியலின் வெற்றிக் கதையாகச் சுருக்குகிறவர்கள் முதலில் வெட்டுவது அவளைத்தான்.

நூல் அச்சேறியதும் ஒரு துயரக் கதை. சாகன் நகரில் அச்சுவேலையைத் தொடங்கிய கெப்ளர் 1630 நவம்பரில் ரேகன்ஸ்பர்க்கில் இறந்தார். வேலையை எடுத்த மருமகன் யாக்கோப் பார்ட்ஷ் 1633இல் இறந்தார். கெப்ளரின் மகன் லுட்விக் 1634இல் முடித்து வெளியிட்டார்; விதவையான சிற்றன்னை சுசன்னாவின் கையில் அப்போது பணமில்லை. அச்சாவதற்கு முன்பே கைப்பிரதி ஆங்கிலக் கவிஞர் ஜான் டன்னின் 1611ஆம் ஆண்டு அங்கத நூலுக்குத் தீனியாகியிருக்கலாம் என்று கெப்ளரே சந்தேகித்தார். சந்திரப் பயண இலக்கியத்தை ஆராய்ந்து 1948இல் நூலெழுதிய மார்ஜரி நிக்கல்சனும் அந்தச் சந்தேகத்துக்கு இடம் உண்டு என்றார்.

டுராகோட்டஸுக்குப் பிறகு பாதையைக் கணக்கோடு எழுதியவர் ஜூல் வெர்ன். 1865இல் வந்த அவர் நாவலின் துணைத்தலைப்பே நேர அட்டவணைதான்: 97 மணி 20 நிமிடம். புளோரிடாவில் 900 அடி நீளப் பீரங்கி. ஆவி கவலைப்பட்ட முதல் அதிர்ச்சிக்கு வெர்ன் தண்ணீர் மெத்தை வைத்தார். திரான்சில்வேனியாவில் அந்த நாவலைப் படித்த சிறுவன் ஹெர்மன் ஓபெர்த் அந்த வேகமாற்றத்தைக் கணக்குப் போட்டு, உள்ளேயிருப்பவர்கள் நசுங்கிவிடுவார்கள் என்று கண்டான். ராக்கெட்டை நோக்கித் திரும்பினான்.

எஸ்ஸன் நகரத்தில் பணியாற்றிய கட்டடப் பொறியாளர் வால்டர் ஹோமன் 1925இல், ஒரு கோளிலிருந்து இன்னொரு கோளுக்கு மிகக் குறைந்த எரிபொருளில் போகும் வழி பாதி நீள்வட்டம் என்று காட்டினார். ஒரு முனை புறப்படும் கோளின் பாதையைத் தொடும். மறுமுனை சேரும் கோளின் பாதையைத் தொடும். பூமியிலிருந்து செவ்வாய்க்கு எத்தனை நாள் என்று கேட்டால், 1619இல் கெப்ளர் வெளியிட்ட மூன்றாம் விதியே பதில் சொல்லிவிடும்: சுமார் 259 நாள். இந்த வழியும் நினைத்தபோது திறக்காது. ஏறக்குறைய 26 மாதத்துக்கு ஒருமுறைதான் இரண்டு கோள்களும் அதற்குத் தோதாக நிற்கும். திருநெல்வேலி மாவட்டத்துக்காரரான சுப்பையா அருணன் திட்ட இயக்குநராக இருந்த மங்கள்யான் அப்படித் திறந்த ஒரு வாய்ப்பில் 2013 நவம்பர் 5 அன்று ஏவப்பட்டு, 2014 செப்டம்பர் 24 அன்று செவ்வாயைச் சுற்றத் தொடங்கியது. வாய்ப்பைத் தவறவிட்டிருந்தால் இரண்டாண்டுக்கும் மேல் காத்திருக்கவேண்டி வந்திருக்கும்.

இறங்கும்போது முந்தி ஓடித் தாங்கவேண்டும் என்று ஆவி சொன்ன கடைசிச் சிக்கலில்தான் 2019 செப்டம்பரில் சந்திரயான்-2இன் தரையிறங்கு கலம் விக்ரம் மோதி உடைந்தது. விழுப்புரத்து வீரமுத்துவேல் தலைமையிலான சந்திரயான்-3 குழு நான்காண்டு அந்தச் சில நிமிட இறக்கத்தையே திரும்பத் திரும்பச் செப்பனிட்டது. 2023 ஆகஸ்ட் 23 அன்று தரையிறங்குவதற்குத் தேர்ந்த நேரம் அங்கே விடியற்காலை. சூரிய ஒளியில் ஓடும் கருவிகளுக்கு ஒரு முழுப் பகல், அதாவது நம் கணக்கில் 14 நாள், வேண்டியிருந்தது. பிறகு லெவானியாவின் நீண்ட இரவு வந்தது. அதே பெயர் கொண்ட சந்திரயான்-3இன் தரையிறங்கு கலம் விக்ரமையும் ஊர்தி பிரக்யானையும் தூங்கவைத்தார்கள். செப்டம்பர் 22 அன்று எழுப்பிப் பார்த்தபோது பதில் வரவில்லை. கெப்ளர் கணக்கிட்ட அந்த உறைபனி இரவு கருவிகளை விட்டுவைக்கவில்லை.

கெப்ளரைப் புதைத்த ரேகன்ஸ்பர்க் கல்லறைத் தோட்டம் முப்பதாண்டுப் போரில் அழிந்துபோயிற்று. எந்த இடம் என்று இன்று காட்டமுடியாது. ஆனால் 1651இல் இத்தாலிய வானியலர் ரிச்சோலி சந்திரப் பள்ளங்களுக்குப் பெயர் சூட்டியபோது ஒன்றுக்கு டைக்கோ என்றும் இன்னொன்றுக்குக் கெப்ளர் என்றும் வைத்தார். இரண்டும் சப்வோல்வாப் பக்கம். பௌர்ணமியன்று சிறிய தொலைநோக்கியில்கூட இரண்டையும் சுற்றி வெண்கதிர்கள் பரவிக் கிடப்பது தெரியும். காத்தரினாவுக்கு எல்டிங்கனில், அவர் பிறந்த ஊரில், ஒரு சிலை நிற்கிறது.